‘ஆம்’ என்னும் சொல்லைத் திருடுவோர்

2005-ஆம் ஆண்டில் அமெரிக்காவில் ஒரு நூல் வெளிவந்தது. கருந்தோல் அட்டை, பொன்முலாம் பூசிய தாள் விளிம்பு, பக்கம் குறிக்க ஒரு நாடா. தொலைவிலிருந்து பார்ப்பவர் அதைத் திருவிவிலியம் என்றே எண்ணியிருப்பார். எடுத்துப் பிரித்தால் உள்ளே இருந்தது வேறு. முன்பின் அறியாத பெண்களைச் சில மணி நேரத்தில் வசப்படுத்துவது எப்படி என்று தமக்குள் கற்றும் கற்பித்தும் வாழ்ந்த ஆடவர் கூட்டம் ஒன்றின் கதை அது. எழுதியவர் நீல் ஸ்ட்ராஸ் என்னும் பத்திரிகையாளர். நூலின் பெயர் ‘தி கேம்’, அதாவது ‘விளையாட்டு’.

அந்த அட்டையைப் பதிப்பாளரின் குறும்பு என்று விட்டுவிடலாம். எனினும், அந்நூல் விவரிக்கும் தொழிலின் இலக்கணம் முழுவதும் அந்த அட்டையிலேயே அடங்கியிருப்பதாக நமக்குத் தோன்றுகிறது. ஒன்று மற்றொன்றின் உடையை உடுத்திக்கொண்டு வருவதே அத்தொழில். ஆசை அக்கறையின் உடையில் வருகிறது. ஒத்திகை இயல்பின் உடையில் வருகிறது. வேட்டை நட்பின் உடையில் வருகிறது.

‘பிக்கப் ஆர்ட்டிஸ்ட்’ என்று தம்மை அழைத்துக்கொள்ளும் இவர்களைப் பற்றி நம் ஏட்டில் ஏன் எழுத வேண்டும் என வாசகர்கள் வினவலாம். எங்கோ அமெரிக்க மதுக்கூடங்களில் நடப்பதற்கும் நம் பங்கு ஆலயங்களுக்கும் என்ன தொடர்பு? தொடர்பு உண்டு. ‘பிக்கப்’ என்ற சொல் இன்று நம் இளைஞர் வாயில் தமிழ்ச் சொல் போலவே புழங்குகிறது. அச்சொல்லின் பின்னாலிருக்கும் பள்ளிக்கூடமோ, பெற்றோர் அறியாமலே, கைப்பேசியின் வழியாக நம் வீட்டுக் கூடத்துக்கே வந்துவிட்டது. ஆகவே அப்பள்ளியில் என்ன கற்பிக்கிறார்கள் என்று அறிவதும், அதற்கு நம் விடை என்ன என்று சொல்வதும் நம் கடமையாகின்றன.

ஒரு தொழில் உருவான கதை

பெண்ணை மயக்கும் ஆணின் கதை உலகுக்குப் புதிதன்று. ஓவிட் என்னும் உரோமைக் கவிஞர் கிறிஸ்து பிறந்த காலத்தை ஒட்டியே காதல் கலைக்குப் பாடநூல் எழுதினார். 1630-இல் அச்சேறிய ‘செவில்லா நகரத்து ஏமாற்றுக்காரன்’ என்ற இசுபானிய நாடகத்தில் தோன் ஹுவான் என்னும் பாத்திரம் முதன்முதலாக மேடையேறியது. திர்சோ தே மோலினா என்ற புனைபெயரில் அதை எழுதியவர் எனக் கருதப்படுபவர், சிறைப்பட்டோரை மீட்பதற்கென்றே தோன்றிய மெர்சிடாரிய சபையின் துறவி. பிற்காலத்தார் தோன் ஹுவானை மாபெரும் காதலன் என்று கொண்டாடினர். துறவியோ தலைப்பிலேயே அவனை ஏமாற்றுக்காரன் என்றார். நாடகத்தின் தொடக்கத்தில் இருளில், மற்றொருவனைப் போல் நடித்து, அவன் ஒரு பெண்ணிடம் செல்கிறான். அவனது வெற்றியின் இரகசியம் அந்த இருள்தான்.

பழைய ஏமாற்றுக்காரன் தனக்காக ஏமாற்றினான். ஏமாற்றுவதைப் பாடத்திட்டமாக வகுத்துக் கட்டணத்துக்கு விற்றது நம் காலம். 1970-இல் எரிக் வெபர் என்பவர் பெண்களை வசப்படுத்துவது எப்படி என்று ஒரு கையேடு வெளியிட்டார். அதே பத்தாண்டில் கலிபோர்னியாவில் ரிச்சர்ட் பேண்ட்லர், ஜான் கிரைண்டர் ஆகிய இருவர், பேச்சின் வழியாக மனத்தை மாற்றியமைக்கலாம் என்று கூறும் ‘நியூரோ லிங்விஸ்டிக் புரோகிராமிங்’ என்ற முறையை உருவாக்கினர். அதன் மேல் ராஸ் ஜெப்ரிஸ் என்பவர் ‘விரைவு வசியம்’ என்று பொருள்படும் தம் பயிற்சியைக் கட்டினார். சாதாரண உரையாடலுக்குள் கட்டளைகளை ஒளித்து வைத்தால், கேட்கும் பெண் தன்னை அறியாமலே இசைவாள் என்பது அவர் விற்ற நம்பிக்கை.

அடுத்து வந்தவர் கனடா நாட்டைச் சேர்ந்த எரிக் வான் மார்கோவிக். ‘மிஸ்டரி’ என்பது அவர் சூட்டிக்கொண்ட பெயர். அவர் தொழிலால் மாயவித்தைக்காரர் என்பதை நாம் மறக்கக் கூடாது. பார்ப்பவர் கவனத்தை ஒரு கையில் நிறுத்திவிட்டு, மறு கையால் காரியத்தை முடிக்கும் வித்தையை அவர் மதுக்கூடத்துக்குக் கொண்டுவந்தார். மாணவர்களை நேரடியாக இரவு விடுதிகளுக்கு அழைத்துச் சென்று பாடம் நடத்தினார். 2007-இல் அமெரிக்கத் தொலைக்காட்சி ஒன்று அவரைக் கொண்டு போட்டி நிகழ்ச்சியே நடத்தியது. அக்காலத்தில் இப்பயிற்சிக்குப் படைவீரர் பயிற்சியின் பெயரான ‘பூட் கேம்ப்’ என்பதே வழங்கியது. சில நாள் வகுப்புக்கு ஆயிரக்கணக்கான டாலர் கட்டணம் வாங்கும் நிறுவனங்கள் தோன்றி, இலண்டன் முதல் சிட்னி வரை கிளை பரப்பின. இன்று அவற்றின் வழிவந்தோர் பலர் பழைய பெயரைக் கைவிட்டு, ‘டேட்டிங் பயிற்சியாளர்’ என்றும் ‘ஆண்மைப் பயிற்சியாளர்’ என்றும் புதுப்பலகை மாட்டியிருக்கின்றனர்.

சொற்களே சாட்சி

ஒரு தொழிலின் உள்ளத்தை அறிய அதன் கலைச்சொற்களைக் கேட்டாலே போதும். இப்பள்ளியில் பெண்ணுக்குப் பெயர் ‘இலக்கு’. அவளுடன் வந்திருக்கும் தோழியருக்குப் பெயர் ‘தடை’. அவளது தோற்றத்துக்கு ஒன்று முதல் பத்து வரை மதிப்பெண் உண்டு; மாணவர்கள் அவளைப் பெயர் சொல்லாமல் அந்த எண்ணைச் சொல்லியே குறிப்பிடுவர். நடந்தவற்றை எழுதி மற்றவர்க்கு அனுப்பும் குறிப்புக்குப் பெயர் ‘கள அறிக்கை’. இப்பயிற்சி பெறாத சாதாரண ஆணுக்கும் ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள்: ‘விரக்தியுற்ற சராசரி ஏமாளி’. வேட்டைக்காரனும் படைத்தலைவனும் விற்பனை முகவரும் பேசும் சொற்கள் யாவும் இங்கே உண்டு. அன்பு செய்பவன் பேசும் சொல் ஒன்றைத் தேடினால் கிடைக்காது.

இவர்களது புகழ்பெற்ற உத்தி ஒன்றின் பெயர் ‘நெக்’. பாராட்டுப் போல் தொடங்கிச் சிறு குத்தலில் முடியும் பேச்சு அது. “உங்கள் உடை அழகாக இருக்கிறது, இன்று மாலையே இதே போல் மூன்று பேரைப் பார்த்துவிட்டேன்” என்பது போன்ற ஒன்று. அவமதிப்பு என்று கண்டிக்க முடியாத அளவுக்குச் சிறியது. மனத்தில் தைக்கப் போதுமான அளவுக்குக் கூரியது. தன்னைப் பற்றிய உறுதி சற்றே ஆட்டம் கண்ட அப்பெண், இழந்த மதிப்பை எதிரே நிற்பவனிடமே மீண்டும் பெற முயல்வாள் என்பது கணக்கு. இக்கணக்கு எப்போதும் பலிக்கிறதா என்பது நம் வினாவன்று. ஒருவர் மனத்தில் சிறு காயம் ஏற்படுத்தி, அந்தக் காயத்தின் வழியே உள்ளே நுழையலாம் என்று ஒருவன் திட்டமிடுவதே பாவத்தின் தொடக்கம். காயம் ஆறிவிட்டாலும் திட்டத்தின் குற்றம் ஆறுவதில்லை.

‘கடைசி நிமிட எதிர்ப்பு’

இவற்றினும் கொடிய கலைச்சொல் ஒன்று உண்டு. இத்தனை உத்திகளுக்குப் பிறகும் ஒரு பெண் ‘வேண்டாம்’ என்று பின்வாங்கினால், இப்பள்ளி அதைக் ‘கடைசி நிமிட எதிர்ப்பு’ என்கிறது. அப்பெயரை நம் வாசகர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டுகிறோம். ஒரு மனிதப் பிறவியின் முடிவு இங்கே ஒரு செயல்முறையின் கடைசிப் படியில் தோன்றும் கோளாறு ஆகிவிடுகிறது. கோளாறு என்றால் அதைச் சரிசெய்ய வழி இருக்க வேண்டுமல்லவா? அவ்வழிகளையும் பாடமாக எழுதி விற்றார்கள்.

இப்பாடம் எங்கே கொண்டுபோய் விடும் என்பதை அமெரிக்காவின் சான் டியேகோ நகரம் கண்டது. இத்தகைய பயிற்சியோடு தொடர்புடைய சிலர் 2013-இல் ஒரு பெண்ணுக்கு இழைத்த வன்கொடுமைக்காகப் பின்னர்ச் சிறை சென்றனர். அந்த இரவைப் பற்றித் தம் வட்டத்துக்கென எழுதி வைத்த ‘கள அறிக்கை’யே அவர்களைக் காட்டிக்கொடுத்தது. குற்றத்தை அவர்கள் மறைக்க முயலாமல் சாதனையாக எழுதி வைத்ததற்குக் காரணம் என்ன? ‘வேண்டாம்’ என்ற சொல் அவர்கள் காதில் சொல்லாகவே விழவில்லை என்பதுதான்.

இங்கேதான் நம் விசுவாசம் பேச வேண்டும். நம் மீட்பின் வரலாறு ஒரு பெண்ணின் இசைவில் தொடங்குகிறது. நாசரேத்தூர்க் கன்னியிடம் கபிரியேல் வானதூதர் வந்தபோது, அனுப்பியவர் விண்ணையும் மண்ணையும் படைத்தவர். அவருக்கு உத்திகள் தேவையில்லை, ஆணையிட்டால் போதும். ஆயினும் அவர் ஆணையிடவில்லை. செய்தி மறைவின்றிச் சொல்லப்படுகிறது. மரியா கலங்குகிறார், கலக்கம் மதிக்கப்படுகிறது. இது எங்ஙனம் நிகழும் என்று அவர் வினவுகிறார். வினாவுக்கு விடை தரப்படுகிறது. அதன் பின்னரே அவரது இசைவு வருகிறது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் புனித பெர்னார்து இந்நிகழ்ச்சியைப் பற்றி ஆற்றிய மறையுரையில், ஆதாம் முதலான முன்னோரும் உலகம் முழுவதும் அவ்விளம்பெண்ணின் மறுமொழிக்காக மூச்சடக்கிக் காத்திருப்பதாகக் காட்டுகிறார். எல்லாம் வல்லவரே ஒரு பெண்ணின் ‘ஆம்’ என்ற சொல்லுக்காகக் காத்திருந்தார் என்று நம்புகிற நாம், காத்திருக்கத் தேவையில்லாத வழியை விற்பவனைப் பார்த்து எப்படி வாளாவிருக்க முடியும்?

திருச்சபையின் சட்டமும் இதே உண்மையின் மேல் நிற்கிறது. 1983-இல் வெளியான திருச்சபைச் சட்டத்தொகுப்பு, மணமக்களின் சம்மதமே திருமணத்தை உண்டாக்குகிறது என்றும், அச்சம்மதத்தை வேறெந்த மனித அதிகாரமும் ஈடுசெய்ய முடியாது என்றும் 1057-ஆம் விதியில் கூறுகிறது. 1098-ஆம் விதி இன்னும் கூர்மையானது. சம்மதத்தைப் பெறுவதற்காகவே, இல்லற வாழ்வைப் பெரிதும் குலைக்கக்கூடிய ஒன்றைப் பற்றி வஞ்சகம் செய்து ஏமாற்றியிருந்தால், அத்திருமணமே செல்லாது. ஆலயத்தில், குருவின் முன், சாட்சிகள் காதாரக் கேட்கச் சொல்லப்பட்ட ‘ஆம்’ கூட, வஞ்சகத்தால் பெற்றதாயின் ‘ஆம்’ ஆகாது என்கிறது திருச்சபை. இவ்விதி திருமணத்துக்கு உரியது; இரவு விடுதிக்கு அன்று. ஆனால் அதன் அடியிலுள்ள அறம் எங்கும் ஒன்றே. களவாடிய சம்மதம் சம்மதமன்று.

யாக்கோபின் கிணற்றடியில்

அப்படியானால் அறிமுகமில்லாத பெண்ணோடு ஓர் ஆண் பேசுவதே தவறா என்று நம்மை மடக்க முயல்வோர் உண்டு. தவறன்று. நற்செய்தியிலேயே அத்தகைய காட்சி ஒன்றுண்டு. நண்பகல் வேளையில் யாக்கோபின் கிணற்றடியில், களைத்து அமர்ந்திருந்த இயேசு, நீர் மொள்ள வந்த சமாரியப் பெண்ணிடம் தாமே முதலில் பேச்சைத் தொடங்கினார். சீடர் வியந்தனர். அவர் அவளது குறையை அறிந்திருந்தார். அதைச் சொல்லவும் செய்தார். ஆனால் அவளைச் சிறுமைப்படுத்தி வளைப்பதற்காக அன்று. தாம் யார் என்பதை அவர் அவளிடம் மறைக்கவில்லை. உரையாடல் முடிந்தபோது அப்பெண் தன் குடத்தை விட்டுவிட்டு, முன்னிலும் நிமிர்ந்தவளாய் ஊருக்குள் ஓடினாள். ஒரு சந்திப்பு நல்லதா தீயதா என்பதை, அது முடிந்தபின் மற்றவர் எப்படி எழுந்து செல்கிறார் என்பதைக் கொண்டே அறியலாம்.

இதிலிருந்து நாம் ஓர் உரைகல்லைப் பெறுகிறோம். எந்தப் பயிற்சியாளர் எந்த உத்தியைக் கற்பித்தாலும் இவ்வொரு வினாவைக் கேளுங்கள்: நீ செய்வதை, யாரிடம் செய்கிறாயோ அவரிடமே சொல்லிவிட்டுச் செய்ய முடியுமா? “உன்னோடு பேச அஞ்சினேன், துணிந்து வந்திருக்கிறேன்” என்று சொல்ல முடியும், சொன்னால் உறவு வளரவும் கூடும். “உன் தன்னம்பிக்கையைச் சற்றுக் குறைப்பதற்காகவே இதைச் சொன்னேன்” என்று சொல்ல முடியுமா? “உன் தோழியை உன்னிடமிருந்து பிரிப்பதற்காகவே என் நண்பன் அவளோடு பேசுகிறான்” என்று சொல்ல முடியுமா? சொன்ன கணத்தில் குலைந்துவிடும் உத்தி எதுவோ, அது பொய். தோன் ஹுவானுக்குத் தேவைப்பட்ட அதே இருள் அதற்கும் தேவைப்படுகிறது.

பிற்காலத்தில் திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் ஆன கரோல் வொய்த்திவா, குருவாக இருந்த காலத்தில் இளைஞர்களோடு மலையேறியும் படகு வலித்தும் பழகி, அவர்களது காதலையும் கலக்கத்தையும் நெருங்கி நின்று கேட்டவர். அந்த அனுபவத்தின் கனியாக 1960-இல் ‘அன்பும் பொறுப்பும்’ என்ற நூலை வெளியிட்டார். அன்புக்கு எதிர்ப்பதம் வெறுப்பு என்றே நாம் எண்ணிப் பழகிவிட்டோம். ஒருவரைப் பயன்படுத்துவதே அன்புக்கு நேர் எதிரானது என்பது அந்நூலின் உட்கிடை. மனிதர் எவரையும் வெறும் கருவியாகக் கொள்ளலாகாது. ஓர் ஆளுக்கு நாம் காட்டத் தகுந்த மனநிலை அன்பு ஒன்றே. இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் ‘இன்றைய உலகில் திருச்சபை’ என்ற ஏடும், மனிதன் தன்னையே நேர்மையோடு வழங்குவதன் வழியாகவே தன்னை முழுமையாகக் கண்டடைகிறான் என்று தன் 24-ஆம் எண்ணில் போதிக்கிறது. வழங்குவதைப் பற்றித் திருச்சபை பேசுகிறது. அடைவதைப் பற்றி மட்டுமே அப்பள்ளி பேசுகிறது.

முதல் இரை யார்?

இத்தொழிலின் இரை பெண் மட்டுமே என்று எண்ணினால் பாதி உண்மையைத் தவறவிடுவோம். இதன் முதல் இரை, பணம் கட்டி வகுப்பில் வந்து அமரும் அந்த இளைஞன்தான். அவன் பெரும்பாலும் கொடியவன் அல்லன். கூச்சமுள்ளவன், பலமுறை மறுக்கப்பட்டவன், வேலை முடிந்து வெற்றறைக்குத் திரும்புபவன். இலண்டனில் இப்பயிற்சி வகுப்புகளை நேரில் ஆராய்ந்து 2018-இல் ‘செடக்‌ஷன்’ என்ற நூலை வெளியிட்ட ரேச்சல் ஓ’நீல், அங்கே வந்தவர்களைச் சாதாரண ஆண்களாகவே காண்கிறார். நெருக்கம் என்பதையும் ஒரு வேலையாக, முதலீடாக, முயன்றால் ஈட்டும் திறனாக நோக்கக் கற்பிக்கும் நம் காலத்தின் சந்தை மனப்பான்மையையே அவர் அதன் பின்னணியில் காட்டுகிறார்.

தனிமையோடு வந்தவனிடம் இப்பள்ளி என்ன சொல்கிறது? நீ உள்ளபடி யாரும் உன்னை விரும்பார் என்கிறது. ஆகவே நடி என்கிறது. அவன் நடிக்கிறான். ஒரு வேளை வெற்றியும் பெறுகிறான். ஆனால் வென்றவன் யார்? அவன் அணிந்திருந்த முகமூடி. அவனோ அதன் பின்னே முன்னிலும் தனியனாய் நிற்கிறான். 1999-இல் வந்த ‘மேக்னோலியா’ என்ற திரைப்படத்தில் டாம் குரூஸ் இத்தகைய பயிற்சியாளராக நடித்தார். மேடையில் முழங்கிய அம்மனிதன், இறுதியில் தன்னைக் கைவிட்ட தந்தையின் மரணப் படுக்கையருகே அழுது நிற்பதைக் கண்டவர்கள், அம்முழக்கத்தின் ஊற்று எது என்று அறிவார்கள். நாம் தொடக்கத்தில் குறிப்பிட்ட ‘தி கேம்’ நூலும், எல்லாருக்கும் கற்பித்த ஆசானே மனமுடைந்து அழும் காட்சியோடுதான் தொடங்குகிறது.

தோல்வியுறுபவன் கதை இன்னும் துயரமானது. பெண் என்பவள் சரியான உத்திக்குத் திறக்கும் பூட்டு என்று அவனுக்குக் கற்பித்தாயிற்று. பூட்டு திறக்கவில்லை என்றால் அவன் யாரைக் குறை சொல்வான்? 2009 ஆகஸ்டில் பென்சில்வேனியாவில் ஓர் உடற்பயிற்சிக் கூடத்துக்குள் புகுந்து மூன்று பெண்களைச் சுட்டுக் கொன்று தானும் மாண்டவன், பெண்களைக் கவரும் பயிற்சி வகுப்புகளுக்குச் சென்றிருந்தவன். 2014 மே மாதத்தில் கலிபோர்னியாவின் ஐலா விஸ்டாவில் ஆறு பேரைக் கொன்ற இளைஞன், இப்பயிற்சிகளால் ஏமாற்றப்பட்டதாகக் கருதியோர் கூடிப் பழித்த களம் ஒன்றில் பழகியவன். இக்கொலைகளுக்கு அப்பள்ளிகளே காரணம் என்று நாம் சொல்லவில்லை; அவ்வாறு சொல்வது நீதியாகாது. ஆனால் பெண்ணின் இசைவு தனக்கு வரவேண்டிய கடன் என்று ஒருவனை நம்ப வைத்தால், கடன் வராதபோது அவன் உள்ளத்தில் எழுவது துயரமாக இராது, வஞ்சமாகவே இருக்கும் என்று சொல்லுகிறோம்.

அவர்கள் தரப்பு

மறுதரப்பு சொல்வதையும் கேட்போம். கூச்சமுள்ளவனுக்குப் பேசக் கற்பிப்பது குற்றமா என்பார்கள். குற்றமன்று, அது இரக்கச் செயல் என்றே சொல்வோம். தூய்மையாக உடுத்து, எதிரே இருப்பவர் பேசுவதைக் காது கொடுத்துக் கேள், அஞ்சாதே, மறுப்பு வந்தால் நன்றி சொல்லி விலகு. இவற்றைக் கற்பிக்கும் பயிற்சியாளர்களும் உள்ளனர். அவர்களோடு நமக்கு வழக்கு இல்லை. ஒரு பயிற்சியாளரை அளக்க விரும்பினால், ‘ஆம்’ பெறுவதற்கு அவர் என்ன கற்பிக்கிறார் என்பதைப் பாராமல், ‘இல்லை’ என்பதைப் பெற்றுக்கொள்ள என்ன கற்பிக்கிறார் என்று பாருங்கள். அங்கே அவர் யாரென்று தெரிந்துவிடும்.

பெண்களும் இத்தகைய தந்திரம் செய்வதில்லையா என்பது அடுத்த வாதம். செய்வதுண்டு. 1995-இல் எல்லன் ஃபைன், ஷெர்ரி ஷ்னைடர் ஆகிய இருவர் எழுதிய ‘தி ரூல்ஸ்’ என்ற நூல், விருப்பத்தை மறைத்து, எட்டாக்கனி போல் நடந்து ஆணைத் திருமணத்துக்கு இழுக்கும் விதிகளைக் கற்பித்துப் பெரும் விற்பனை கண்டது. அங்கும் நம் உரைகல் அதுவே. ஆயினும் இரண்டும் சமம் என்று சொல்ல நம்மால் இயலாது. ஒன்றில் ஏமாந்தவன் இழப்பது சில மாதங்கள். மற்றதில் ஏமாந்தவள் தன் உடலின் பாதுகாப்பையே இழக்கக்கூடும்.

உலகமே விற்பனைதான், வேலைக்கு விண்ணப்பிப்பவனும் தன்னை அழகுபடுத்திக் காட்டுகிறானே என்பது மூன்றாம் வாதம். வேலை தருபவர் வாங்குவது உழைப்பை, ஆளை வாங்குவதில்லை. ஆளையே வாங்கும் சந்தை ஒன்று ஒருகாலத்தில் இருந்தது. அதற்கு என்ன பெயர் என்பதை வரலாறு சொல்லும்.

உலகம் முற்றிலும் உறங்கிவிடவில்லை என்பதையும் பதிவு செய்ய வேண்டும். 2013-இல் இத்தகைய கையேடு ஒன்றுக்குத் தன் வழியாக நிதி திரட்டப்பட்டதை அறிந்த ‘கிக்ஸ்டார்ட்டர்’ நிறுவனம், வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டு, அவ்வகை நூல்களுக்கு இனி இடமில்லை என்று அறிவித்ததோடு, பாலியல் வன்முறைக்கு எதிராக உழைக்கும் அமைப்புக்கு 25,000 டாலர் வழங்கியது. 2014 நவம்பரில், டோக்கியோ தெருக்களில் முன்பின் அறியாப் பெண்களைப் பிடித்து இழுத்ததைக் காணொளியாகக் காட்டிப் பெருமை பேசிய ஜூலியன் பிளாங்க் என்ற பயிற்சியாளரின் விசாவை ஆஸ்திரேலியா இரத்துச் செய்தது. பிரிட்டனும் அவருக்கு நுழைவு மறுத்தது. இவை நற்செயல்கள். ஆயினும் அரசு நாட்டின் வாயிலைத்தான் மூட முடியும். மனத்தின் வாயிலைக் காப்பது பெற்றோரும் பங்கும் செய்ய வேண்டிய பணி.

நம் பங்குக்கு என்ன?

இங்கே நாம் நம்மையே குற்றக் கூண்டில் நிறுத்த வேண்டியுள்ளது. நம் இளைஞருக்கு ஆண்-பெண் உறவைப் பற்றி நாம் கற்பித்தது என்ன? ‘பேசாதே’ என்றோம், ‘பார்க்காதே’ என்றோம். மறைக்கல்வி வகுப்பில் பத்துக் கட்டளைகளில் ஆறாவதை விரைந்து கடந்தோம். எப்படிப் பேசுவது, எப்படிக் காத்திருப்பது, மறுக்கப்பட்டால் எப்படித் தலைநிமிர்ந்து திரும்புவது என்று யார் கற்பித்தார்? நாம் விட்ட வெற்றிடத்தைத் திரைப்படம் நிரப்பியது. மறுக்கும் பெண்ணை விடாது பின்தொடர்ந்தால் இறுதிக் காட்சிக்குள் அவள் மனம் மாறிவிடுவாள் என்று நம் திரைக்கதைகள் தலைமுறை தலைமுறையாகக் கற்பித்தன. அமெரிக்கப் பள்ளி ‘எதிர்ப்பு’ என்று பெயரிட்டதை நாம் ‘வெட்கம்’ என்று பெயரிட்டோம். பாடம் ஒன்றே. தெருவில் பெண்களைத் தொல்லைப்படுத்துவதைத் தடுக்கத் தமிழ்நாடு 1998-இல் தனிச்சட்டமே இயற்ற வேண்டியிருந்தது என்பதை நாம் மறக்கலாகாது.

திருமணத்துக்குச் சில வாரங்களுக்கு முன் மணமக்களை அழைத்து நடத்தும் தயாரிப்பு வகுப்பு இதற்குப் போதாது. 2022-இல் பொதுநிலையினர், குடும்பம், வாழ்வு ஆகியவற்றுக்கான வத்திக்கான் துறை வெளியிட்ட வழிகாட்டி, திருமணத்துக்கான தயாரிப்பைப் புகுமுக நிலையினருக்கான பயிற்சி போல் நெடிய பயணமாக, இளமையிலிருந்தே தொடங்குமாறு பரிந்துரைக்கிறது. நம் பங்குகளில் அது தொடங்கட்டும். இளையோர் இயக்கங்களில் ஆணும் பெண்ணும் சேர்ந்து உழைத்து, வாதிட்டு, நட்போடு பழகும் வாய்ப்புகள் பெருகட்டும். முப்பது ஆண்டு இல்லறம் நடத்திய தம்பதியர், தாம் எப்படி ஒருவரையொருவர் தவறாகப் புரிந்துகொண்டனர், எப்படி மன்னித்தனர் என்று இளையோர் முன் வாய்திறந்து பேசட்டும். தந்தையர் தம் மகன்களிடம் பேசட்டும். மகளைக் காக்கும் பேச்சினும் மகனைத் திருத்தும் பேச்சே இன்று நம் வீடுகளில் அரிதாயிருக்கிறது. எல்லாவற்றுக்கும் மேலாக, பங்கில் தனித்திருக்கும் இளைஞனை யாரேனும் பெயர் சொல்லி அழைக்கட்டும். நாம் அழைக்காதவனை விலைக்கு அழைக்க ஆளிருக்கிறது.

‘தி கேம்’ எழுதிய ஸ்ட்ராஸ், பத்து ஆண்டுகளுக்குப் பின் 2015-இல் ‘தி ட்ரூத்’, அதாவது ‘உண்மை’ என்ற பெயரில் மற்றொரு நூல் எழுதினார். தாம் நேசித்த பெண்ணுக்குத் தாம் இழைத்த துரோகத்தையும், அதற்காகச் சிகிச்சை தேடிச் சென்றதையும் அதில் சொல்கிறார். ஆயிரம் பெண்களை அணுகக் கற்றவருக்கு ஒரு பெண்ணோடு வாழக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. அவரைப் பழிப்பதற்காக இதைக் குறிப்பிடவில்லை. ‘விளையாட்டு’ என்று தொடங்கியவர் ‘உண்மை’ என்ற சொல்லுக்கு வந்து சேர்ந்தார் என்பதே நம் கவனத்துக்குரியது.

நம் பிள்ளைகள் அந்தச் சுற்றுவழியில் அலைய வேண்டாம். நாசரேத்தூர்ச் சிறுவீட்டின் வாசலில் அவர்களை நிறுத்துவோம். எல்லாம் வல்லவரின் தூதரே அங்கே ஒரு பெண்ணின் மறுமொழிக்காகக் காத்து நிற்கிறார் என்பதை அவர்கள் தம் கண்ணால் காணட்டும்.